பாதியில் நின்ற கல்யாணம்

சென்ற வாரம் அக்கா கேட்டாள்: "பொண்ணு கல்யாண வீடியோ உங்கிட்டதானே இருக்கு?" "இருக்கே" என்று கெத்தாகச் சொல்லிவிட்டு டவுன்லோட்ஸ் ஃபோல்டரைத் திறந்தேன். இருந்தது, மூன்று துண்டுகளாக. ஒவ்வொன்றும் ஒரு ஜிபிக்கு மேல். ஒன்றும் ஓடவில்லை. வீடியோக்காரர் அனுப்பிய லிங்க்கின் ஆயுள் ஏழு நாள். அதுவும் முடிந்துவிட்டது.

உங்கள் கம்ப்யூட்டரிலும் இப்படிச் சில துண்டுகள் இருக்கும், பாருங்கள்.

பெரிய ஃபைல் ஒரே மூட்டையாக வருவதில்லை. பொதுவாக 1,460 பைட்டுக்கு மேற்படாத சின்னப் பொட்டலங்களாக வருகிறது. வர வர, பிரவுசர் அவற்றை ஒரு தற்காலிக ஃபைலில் எழுதி வைக்கும். குரோம் என்றால் அதன் வாலில் 'சிஆர்டவுன்லோட்', ஃபயர்ஃபாக்ஸ் என்றால் 'பார்ட்'. கடைசி பைட் வந்த பிறகுதான் பெயர் சூட்டு விழா. அரைகுறையை முழுசு என்று நம்பி நாம் திறந்துவிடக் கூடாதே! இதுவரை நியாயம்தான்.

நடுவில் நெட் போனால் துண்டை ஏன் அழிப்பதில்லை? மிச்சம் வரும் என்ற நம்பிக்கை. 1997-ல் வந்த ஹெச்டிடிபி 1.1 விதிப்படி, 'இத்தனையாவது பைட்டிலிருந்து கொடு' என்று சர்வரிடம் கேட்கலாம். சம்மதித்தால் 206 என்ற எண்ணோடு மிச்சம் மட்டும் வரும். இல்லையென்றால் 200 என்று சொல்லி முதலிலிருந்து ஆரம்பிக்கும். இதற்கு டவுன்லோட் பட்டியலுக்குப் போய் 'ரெஸ்யூம்' அழுத்த வேண்டும். நான் லிங்க்கையே மறுபடி மறுபடி க்ளிக் செய்தேன். ஒவ்வொரு க்ளிக்குக்கும் ஒரு புதுத் துண்டு.

தப்பு என்னுடையதுதான். ஆனாலும் ஒரு புகார். நான் காமர்ஸ் படித்தவன். எந்தக் கணக்கில் எழுதுவது என்று புரியாத தொகையை சஸ்பென்ஸ் அக்கவுண்ட்டில் போட்டு வைப்போம். வருஷக் கடைசியில் ஆடிட்டர் விடமாட்டார், பைசல் செய்தாக வேண்டும். பிரவுசருக்கு ஆடிட்டர் கிடையாது. பட்டியலில் உள்ள குறிப்பு போய்விட்டால் துண்டு அநாதை. அதைத் தொடர வழியில்லை. டிஸ்க்கை மட்டும் அடைத்துக்கொண்டு கிடக்கும். 'பாதிதான் வந்திருக்கிறது. தொடரவா, அழிக்கவா?' என்று ஒரு வார்த்தை கேட்டால் என்ன குறைந்துவிடும்?

அதுவரை நாமேதான் ஆடிட்டர். மாதம் ஒருமுறை, எந்த டவுன்லோடும் ஓடாத நேரத்தில், பழைய துண்டுகளை அழியுங்கள். வாலை வெட்டி 'எம்பி4' என்று பெயர் மாற்றிப் பார்க்காதீர்கள். பெயர் மாறினால் பாதி முழுசாகாது. முக்கியமாக, லிங்க் உயிரோடு இருக்கும்போதே ஒருமுறை கடைசிவரை ஓட்டிப் பார்த்துவிடுங்கள்.

வீடியோக்காரர் தன் காப்பியை அழித்துவிட்டாராம். அக்காவிடம் இன்னும் சொல்லவில்லை.