மவ்லிது ஓதலும் மறுமொழி அடியும்

மவ்லிதைப் பாதுகாக்க வேண்டும் என்போர் பெரும்பாலும் நூலைப் பற்றியே பேசுகின்றனர். நூலுக்கு ஆபத்தில்லை. சுப்ஹான மவ்லிதும் இமாம் பூஸிரீ (ரஹ்) அவர்களின் கஸீதத்துல் புர்தாவும் பல பதிப்புகள் கண்டவை. நம் கண்முன் மறைந்து வருவது அவற்றைச் சபையாகக் கூடி ஓதும் முறைதான்.

ரபீவுல் அவ்வல் பிறை கண்டதும் மவ்லிது சபையில் அமர்ந்தோர் அதன் அமைப்பை அறிவர். உரைநடையான ஹிகாயத்தை ஒருவர் ஓத, மற்றோர் செவிமடுப்பர். பைத்து தொடங்கியதும் ஒருவர் அடியெடுக்க, சபை மறுமொழி அடியைத் திருப்பிச் சொல்லும். சிறுவர்களின் பங்கு அந்த அடியே. எங்கே மூச்சு வாங்குவது, எந்த நெடிலை நீட்டுவது என்பதைப் பெரியவர்களின் தோளருகே அமர்ந்து அவர்கள் கற்றனர். (நார்சாவுக்காக வந்தவர்களும் அவர்களுள் உண்டு, அதனால் குறையொன்றுமில்லை.) புர்தா 'பஸீத்' என்னும் யாப்பில் அமைந்து, ஏறத்தாழ 160 பாக்களும் 'மீம்' எழுத்திலேயே இயைவது. அரபு யாப்பிலக்கணத்தை எட்டிப் பாராதவர்களும் அச்சந்தம் பிசகாது ஓதினர். அச்சுப் பிரதியில் சொல் உண்டு, மெட்டு இல்லை.

கீழக்கரையில் அடங்கியுள்ள ஸதகத்துல்லாஹ் அப்பா (ரஹ்) அவர்கள் (1632–1703) வித்ரிய்யாவுக்குத் தக்மீஸ் இயற்றினார்கள். மூலத்தின் ஈரடிக்கு முன் தம் மூன்றடிகளைச் சேர்த்து ஐந்தடியாக்குவது தக்மீஸ். இன்னொருவரின் துதியோடு தம் குரலையும் இணைத்துக்கொண்ட அப்பெருமகனாரின் செயலே, மவ்லிது சபை செய்வதன் இலக்கிய வடிவம் எனலாம்.

கடற்கரை ஊர்களில் இத்தொடர்ச்சிக்குக் குடும்பங்களும் மதரஸாக்களும் துணை நிற்கின்றன. கல்வராயன் மலையடிவாரத்துக் கள்ளக்குறிச்சி போன்ற உள்நாட்டு ஊர்களுக்கு அத்துணை குறைவு. வீட்டில் தமிழ் பேசுவோரும் உருது பேசுவோரும் ஒரே அரபுப் பைத்தில் இணையக்கூடிய இவ்வூர்களில், மெட்டறிந்தவர் இமாம் ஒருவரே என்றால், அவர் பணி மாறிச் செல்லும் நாளில் மெட்டும் உடன் சென்றுவிடும். ஒலிநாடாவும் கைப்பேசிப் பதிவும் அவ்விடத்தை நிரப்பா. நாகூர் ஈ.எம். ஹனீபா (1925–2015) அவர்களின் பாடல்களைக் கேட்டு நெஞ்சுருகியவர்கள் நாம். ஆனால் அவை கேட்பதற்குரியவை. மவ்லிதோ சேர்ந்து ஓதுவதற்குரியது. பதிவை ஒலிக்கவிட்டுச் சபை மௌனமாக இருப்பின் அங்கே நடப்பது மவ்லிது அன்று.

1980களிலிருந்து மவ்லிதின் மீது வலுத்த மார்க்க ஆட்சேபங்களை ஆலிம்களின் விவாதத்திற்கு விடுகிறேன். ஆயினும், பொருள் தெரியாமல் விரைந்து ஓதி முடிக்கின்றனர் என்னும் குற்றச்சாட்டுக்கு நம்மிடம் நேர்மையான மறுப்பில்லை. மக்தபில் மாதம் ஒரு பைத்து போதும்: முதலில் தமிழில் பொருள், பிறகு ஏட்டை மூடிவைத்து மெட்டு, முதியோரும் சிறாரும் எதிரெதிர் வரிசையில் அமர வேண்டும்.

பதிவு செய்ய விரும்புவோர் செய்யட்டும். கருவியை அடியெடுப்பவரின் முன் வைக்காமல், சிறுவர்கள் அமரும் கடைசி வரிசையில் வைப்பார்களாக.