விடாது கருப்பில் அடக்கி வாசித்தவர்

'விடுதலை' முதல் பாகம் 2023இல் வெளியானபோது, கொடூரமான போலீஸ் அதிகாரியாக வந்த சேத்தனைப் பார்த்து "யார் இவர்?" என்று கேட்டவர்கள் உண்டு. தொண்ணூறுகளில் சன் டிவி பார்த்து வளர்ந்தவர்களுக்கு அந்தக் கேள்வியே வலிக்கும்.

'மர்மதேசம்' வரிசையில் 'விடாது கருப்பு' தொடரை எடுத்துக்கொள்வோம். இந்திரா சௌந்தர்ராஜனின் கதை, நாகாவின் இயக்கம், கே.பாலசந்தரின் மின்பிம்பங்கள் தயாரிப்பு. தப்பு செய்தவர்களைக் குதிரையில் வந்து தண்டிக்கும் கருப்புசாமிக்கு ஊரே நடுங்குகிறது. அந்த ஊர்க்காரன் ராஜேந்திரனாக சேத்தன். சிறுவயதில் பட்ட காயத்தால் மனம் இரண்டாகப் பிளந்த ராஜேந்திரன்தான் கருப்பு என்பது கடைசியில்தான் தெரியவரும்.

புதுமுகத்துக்கு இதைவிடச் சிக்கலான பாத்திரம் கிடைப்பது அரிது. கண்ணில் ஒரு கள்ளத்தனம் எட்டிப் பார்த்தாலும், வாரம் வாரமாகக் கட்டிய மர்மம் அன்றைக்கே உடைந்துவிடும். பயந்து ஒன்றுமே காட்டாமல் விட்டால், முடிச்சு அவிழும் நாளில் யாரும் நம்பமாட்டார்கள். அதுவும், தான்தான் கருப்பு என்பது ராஜேந்திரனுக்கே தெரியாது. ஆகவே மறைப்பதுபோல நடிக்கவும் கூடாது. சேத்தன் அடக்கி வாசித்தார். முதல்முறை பார்க்கையில் அவருடைய ஒதுக்கம் கூச்ச சுபாவமாகத் தெரியும். முடிவு தெரிந்தபின் மறுபடி பாருங்கள், அதே ஒதுக்கம் பயமுறுத்தும். ஒரே நடிப்பு இரண்டு விதமாகவும் நிற்கிறது. இதைச் சாதித்த பெரிய திரை நாயகர்களே குறைவு என்பேன்.

அடுத்து, 2002இல் தொடங்கிய 'மெட்டி ஒலி' தொடர். அம்மா பேச்சைத் தட்டாத மாப்பிள்ளை மாணிக்கமாக சேத்தன். மனைவி கண்ணீர் விட, வீடுவீடாகப் பெண்கள் மாணிக்கத்தைத் திட்டித் தீர்த்தார்கள். வில்லன் என்று தனியாக முத்திரை குத்தாத, பக்கத்து வீட்டில் பார்க்கக்கூடிய ஒரு கல்நெஞ்சு. இந்தப் பாத்திரத்தை நியாயப்படுத்தவோ, பார்ப்பவரின் இரக்கத்தைச் சம்பாதிக்கவோ சேத்தன் முயலவில்லை.

வெற்றிமாறனின் 'விடுதலை' படத்தில் விசாரணை என்ற பெயரில் பெண்களை வதைக்கும் அதிகாரியிடம் இருப்பதும் இந்தக் குணம்தான்: தான் செய்வது சரி என்று நம்புகிற மனிதனின் நிதானம். அது திடீரென வந்ததல்ல. சின்னத்திரையிலேயே முழுசாக வெளிப்பட்டிருந்தது. கதாநாயகனின் நண்பன், அண்ணன் என்று சினிமா அவரை ஓரத்தில் நிறுத்திய வருடங்கள்தான் வீண்.