கியாஸ் பிழைத்த தளபதி

முதல் உலகப் போருக்குப் பிரெஞ்சிந்தியாவிலிருந்து சென்று மடிந்தோரின் நினைவுச் சின்னம் புதுச்சேரிக் கடற்கரைச் சாலையில் நிற்பதை நம் வாசகர் அறிவர். குடியேற்ற நாடுகளின் மைந்தரைப் போருக்கு அழைத்தோர் எதனை எண்ணி அழைத்தனர்? இவ்வினாவோடுதான் தளபதி சார்ல் மாஞ்சேன் 1910இல் வெளியிட்ட 'லா ஃபோர்ஸ் நுவார்' (கறுப்புப் படை) என்னும் நூலைப் படித்தோம்.

பிரான்சில் பிறப்பு குறைகிறது. படைக்கு ஆள் போதாது. மேற்கு ஆப்பிரிக்காவில் திரட்டுவோம் என்பதே நூலின் வாதம். வாதத்தை அடுக்கும் திறன் ஆசிரியருக்கு உண்டு. ஆயினும் ஆப்பிரிக்கரின் நரம்பு மண்டலம் முதிராதது, ஆதலின் அவர்கள் வலியைக் குறைவாகவே உணர்வர் என்று அவர் துணியுமிடத்தில் நாம் நூலை மூடி வைத்துவிட்டோம். மறுநாள்தான் மீண்டும் திறக்க முடிந்தது.

மாஞ்சேனைக் களம் காணாதவர் என்று ஒதுக்க இயலாது. 1898இல் ஃபஷோதா வரை சென்ற படையில் இருந்தவர், பலமுறை காயமுற்றவர். ஆனால் அவர் அங்கே கண்டது திறந்த வெளிப் போர். முள்வேலிக்கும் இயந்திரத் துப்பாக்கிக்கும் எதிரே, சேற்றுப் பதுங்குகுழிகளில் மாதக்கணக்கில் கிடக்கும் போர் வேறு. ஒன்றின் தீர்ப்பை மற்றொன்றின்மீது ஏற்றினார். உஸூல் பயிலும் மாணவர் இதனைக் 'கியாஸ் மஅல் ஃபாரிக்' என்பர். அரசியலுக்கு வெகு தொலைவில் நிற்போர் ஆலிம்களே என்று இப்னு கல்தூன் முகத்திமாவில் எழுதியதற்கும் காரணம் இதுவே: மனத்தில் வகுத்த விதியை வெளியுலகின்மீது பொருத்தும் பழக்கம். (அப்பாடத்தை நடத்தும்போது நமக்குச் சற்றுக் கூச்சம் உண்டாவதை மறைப்பதற்கில்லை.) இராணுவச் சீருடையும் அப்பழக்கத்தினின்று காப்பதில்லை போலும்.

1917 ஏப்ரல் 16 அன்று தலைமைத் தளபதி நிவேல், 48 மணி நேரத்திற்குள் எதிரியின் அரணைப் பிளப்பதாகக் கூறி ஷெமேன் தே தாம் மேட்டின்மீது படைகளை ஏவினார். மாஞ்சேனின் ஆறாம் சேனையில் மேற்கு ஆப்பிரிக்கர் முன்னணியில் நின்றனர். அவர்களுள் முஸ்லிம்கள் பலர். பனி கலந்த மழையில் விறைத்த விரல்களுக்குத் துப்பாக்கி வசப்படவில்லை. ஆயிரக்கணக்கில் வீழ்ந்தனர். இத்தனைக்கும், பதுங்குகுழியில் வாழ்ந்தே எழுதிய ஆன்ரி பார்புஸின் 'லெ ஃபெ' (நெருப்பு) நாவல் 1916இலேயே வெளிவந்து கோன்கூர் பரிசும் பெற்றிருந்தது. தளபதிகளின் கைக்கு எட்டாத நூலன்று அது.

நிவேலும் மாஞ்சேனும் பொறுப்பிலிருந்து நீக்கப்பட்டனர். ஜூன் 29 அன்று நாடாளுமன்றத்தின் இரகசிய அமர்வில், செனகல் உறுப்பினர் பிளேஸ் தியாஞ் இப்படுகொலைக்குக் கணக்குக் கேட்டார். அதே தியாஞ் 1918இல் அரசின் வேண்டுகோளை ஏற்று, மேற்கு ஆப்பிரிக்காவில் 60,000க்கும் மேற்பட்டோரைப் படைக்குத் திரட்டிக் கொடுத்தார். அவ்வாண்டு ஜூலையில் மாஞ்சேன் மீண்டும் ஒரு சேனையை நடத்திக்கொண்டிருந்தார்.