பூனாச்சியும் ஆள்வோரின் செவியும்

அச்சத்தில் பிறந்த நூல் அஞ்சாமையைப் புகட்டுமா? பெருமாள்முருகனின் ‘பூனாச்சி அல்லது ஒரு வெள்ளாட்டின் கதை’ இவ்வினாவை எழுப்புகிறது.

1991இல் ‘ஏறுவெயில்’ வாயிலாகப் புதினத் துறையில் நுழைந்தவர் இவர். 2010இல் வெளிவந்த ‘மாதொருபாகன்’ மீது 2014 இறுதியில் திருச்செங்கோட்டில் எதிர்ப்பு மூண்டது. மறு மாதமே, தம்முள் இருந்த எழுத்தாளன் இறந்துவிட்டதாக அறிவித்தார். 2016 சூலை 5ஆம் நாள் சென்னை உயர் நீதிமன்றம் அவரது எழுத்துரிமையை நிலைநாட்டியது. அவ்வாண்டே வந்தது ‘பூனாச்சி’.

மனிதரைப் பற்றி எழுத அஞ்சியே ஆட்டைத் தேர்ந்ததாக முன்னுரை கூறுகிறது. ஆனால் அவ்வச்சமே நூலின் கருப்பொருளாகிவிட்டது. குட்டிக்குக் காது குத்தி அடையாளமிட மக்கள் வரிசையில் காத்துக் கிடக்கின்றனர். ஆள்வோர் செவியில் விழாதவாறு தாழ்குரலில் பேசுகின்றனர். கொடுங்கோன்மையைத் தீட்ட ஆர்வெல் வேவுத்திரையை நாடினார். இவருக்கோ ஆட்டின் காதில் ஒரு துளையே போதுமாயிற்று.

குறையும் உண்டு. பிற்பகுதியில் பூனாச்சியின் காதலும் தாய்மையும் ஓங்க, அரசின் நிழல் மங்கிவிடுகிறது. எனினும் பஞ்சத்தை எழுதும் பக்கங்களில் ஆசிரியரின் வன்மை சிறிதும் குன்றவில்லை.

இது பிறர் வீட்டுச் செய்தியன்று. ஹெச்.ஜி. ரசூலின் ‘மைலாஞ்சி’ நம்மிடையே எதிர்ப்பைக் கண்டதே! ஓதுமாறு பணித்தே நபிகளாருக்கு (ஸல்) முதல் வஹீ இறங்கியது. சினம் கொள்ளுமுன் நூலைப் படித்தல் நம் கடமையன்றோ?