பாடுவது கிட்டார், தாளம் போடுவது குரல்

ஆஸ்திரேலியாவின் நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தில் உள்ள பைரன் பே, அலைச்சறுக்குக்குப் பெயர்போன கடற்கரை ஊர். அங்கே 2003-ல் ஐந்து இளைஞர்கள் சேர்ந்து தொடங்கிய குழு பார்க்வே டிரைவ். ஒத்திகை நடந்த வீடு இருந்த தெருவின் பெயரையே குழுவுக்கும் வைத்துக்கொண்டார்கள். 2005 ஆகஸ்டில் அவர்களுடைய முதல் முழு ஆல்பம் 'கில்லிங் வித் எ ஸ்மைல்' வெளிவந்தது. மொத்தம் 11 பாடல்கள், சுமார் 40 நிமிடம். மெட்டல்கோரில் அறிமுக ஆல்பங்களைப் பற்றிப் பேச்சு எழும்போதெல்லாம் இதன் பெயர் இன்றும் அடிபடுகிறது. அதற்கு அது தகுதியானதுதானா என்று அலசிப் பார்க்கலாம்.

ஆடுகளம்

ஹார்ட்கோர் பங்கின் ஆவேசமும் மெட்டலின் கிட்டார் நுணுக்கமும் கலந்ததே மெட்டல்கோர். 2005 வாக்கில் அதற்கு ஒரு வாய்பாடு உருவாகியிருந்தது. சரணத்தில் அலறுவது, பல்லவியில் இனிமையாகப் பாடுவது. அமெரிக்காவின் கில்ஸ்விட்ச் என்கேஜ் குழு 2004-ல் வெளியிட்ட 'தி எண்ட் ஆஃப் ஹார்ட்டேக்' ஆல்பம் இந்த வாய்பாட்டை உலகமெங்கும் கொண்டுபோனது. அந்தக் குழுவின் கிட்டார் கலைஞரும் தயாரிப்பாளருமான ஆடம் டட்கியவிச்சைத் தேடித்தான் பைரன் பே இளைஞர்கள் 2005 மே மாதம் மாசசூசெட்ஸ் வரை போனார்கள்.

அப்படிப்பட்டவரின் கையில் பதிவான ஆல்பத்தில் எல்லாரும் கூடப் பாடும்படியான பல்லவிகள் வரிசைகட்டி நிற்கும் என்றுதான் எவரும் எதிர்பார்த்திருப்பார்கள். இந்த ஆல்பம் அவற்றை நம்பி நிற்கவில்லை. இதன் துணிச்சல் அங்கேதான் இருக்கிறது.

குரலும் கிட்டாரும்

பாடகர் வின்ஸ்டன் மக்கால் உறுமுகிறார், அலறுகிறார். மெட்டுப் பாடுவது தன் வேலை அல்ல என்று ஒதுங்கிக்கொள்கிறார். அவருடைய சொற்கள் மத்தளத்தின் அடிபோல விழுகின்றன. எந்த அசையை எங்கே வெட்டுவது, எங்கே இழுப்பது என்பதில்தான் அவருடைய கவனம் முழுவதும் இருக்கிறது. குரல் தாளக் கருவியாகிவிட்டால் மெட்டு எங்கே போகும்? ஜெஃப் லிங்கின் லீட் கிட்டாருக்குப் போகிறது. 'ஸ்மோக் எம் இஃப் யா காட் எம்' பாடலைக் கேட்டு முடித்த பிறகு வாய் முணுமுணுப்பது மக்காலின் வரியை அல்ல, லிங்கின் கிட்டார் வரிசையைத்தான். லூக் கில்பாட்ரிக்கின் ரிதம் கிட்டார் கீழ்ச்சுருதியில் கனமாக நிற்பதால்தான் மேலே லிங்கால் இத்தனை சுதந்திரமாக ஓட முடிகிறது.

வேகத்தைக் குறைக்கும் வித்தை

மெட்டல்கோரின் உயிர்நாடி பிரேக்டவுன். வேகமாக ஓடிக்கொண்டிருக்கும் பாட்டு திடீரென்று பாதி வேகத்துக்கு இறங்கும் இடம் அது. உள்ளே ஓடும் லயம் அப்படியே இருக்கும், அடிகளுக்கு நடுவே உள்ள இடைவெளி மட்டும் இரட்டிப்பாகும். இரண்டாம் காலத்தில் போன வித்வான் முதல் காலத்துக்குத் திரும்பும்போது தாளம் போடும் கைக்குத் தெரியும் மாற்றம்தான் இது. கூட்டம் மொத்தமாகத் துள்ளுவது இந்த இடத்தில்தான்.

பிரேக்டவுனை எந்தக் குழுவும் வாசித்துவிடலாம். அதை எப்போது இறக்குவது என்பதில்தான் திறமை தெரியும். 'ரொமான்ஸ் இஸ் டெட்' பாடலைக் கேளுங்கள். கருவிகள் ஒதுங்கிக்கொள்ள, மக்கால் ஒரே ஒரு வசை வரியைத் தனியாக வீசுகிறார். அதன் பிறகே பாரம் இறங்குகிறது. கச்சேரிகளில் அந்த வரியைக் கூட்டமே கத்திவிடுகிறது. இந்த ஆல்பத்தின் ஆட்டநாயகன் விருதை டிரம்ஸ் கலைஞர் பென் கார்டனுக்குத்தான் கொடுப்பேன். இரட்டைக் கால்மிதியில் ஓடிக்கொண்டிருப்பவர், நிறுத்த வேண்டிய இடத்தில் தயங்காமல் நிறுத்துகிறார். டட்கியவிச்சும் கில்ஸ்விட்ச் குழுவில் முதலில் டிரம்ஸ் வாசித்தவர். கிட்டாருக்கு மாறியது பிறகுதான். ஒலிப்பதிவில் டிரம்ஸ் அடிகள் கிட்டார் இரைச்சலில் அமுங்காமல் துலக்கமாக வெளியே வருவதைக் கேட்கும்போது, அந்தப் பழைய அனுபவமும் கைகொடுத்திருக்கிறது என்றே தோன்றுகிறது.

குறைகள்

குறைகளையும் சொல்லியாக வேண்டும். 11 பாடல்களுக்கும் ஒரே குரல் நிறம் போதாது. தொடக்கப் பாடலான 'கிம்மி எ டி' கொடுக்கும் அதிர்ச்சி, ஆல்பத்தின் நடுப்பகுதிக்கு வரும்போது பழகிப்போகிறது. சில பாடல்களை இடம் மாற்றி வைத்தாலும் வித்தியாசம் தெரியாது. பாடல் வரிகளில் துரோகம், பிரிவு, பழிவாங்கும் வெறி என்று இருபது வயதுக் கோபம்தான் திரும்பத் திரும்ப வருகிறது. ஷான் கேஷின் பேஸ் கிட்டார் கனத்தைக் கூட்டுகிறதே தவிர, தனக்கென்று ஒரு வழியைத் தேடிப் போகவில்லை. அடுத்த ஆண்டே அந்த இடத்துக்கு ஜியா ஓ'கானர் வந்துவிட்டார். மற்ற நால்வரும் இன்றுவரை பிரியாமல் இருக்கிறார்கள்.

பின்கதை

சிட்னியின் சிறு நிறுவனமான ரெசிஸ்ட் ரெக்கார்ட்ஸ் வெளியிட்ட இந்த ஆல்பம் ஆஸ்திரேலிய விற்பனைப் பட்டியலில் 39-ஆம் இடம் பிடித்தது. அமெரிக்காவின் எபிடாஃப் நிறுவனம் மறு ஆண்டு இதை வெளிநாடுகளுக்குக் கொண்டுபோனது. அதே டட்கியவிச்சுடன் செய்த 2007-ன் 'ஹொரைசன்ஸ்' 6-ஆம் இடத்துக்கும், 2010-ன் 'டீப் ப்ளூ' 2-ஆம் இடத்துக்கும், 2015-ன் 'ஐர்' முதலிடத்துக்கும் ஏறின. மக்கால் பாடும் குரலைத் தயக்கமின்றிப் பயன்படுத்தியது பின்னாளைய ஆல்பங்களில்தான். 2018-ன் 'ரெவரன்ஸ்' அதற்குச் சான்று. தொடக்கத்திலேயே அந்தச் சுலபமான வழியில் போயிருந்தால், 2005-ல் வந்த பல குழுக்களில் ஒன்றாகவே இவர்களும் கரைந்திருப்பார்கள்.

தீர்ப்பு

'கில்லிங் வித் எ ஸ்மைல்' முழுமையான ஆல்பம் அல்ல. பார்க்வே டிரைவின் சிறந்த ஆல்பமும் அல்ல, அந்த இடம் 'ஹொரைசன்ஸ்'க்குத்தான். ஆனால் தனக்கு எது வேண்டாம் என்று முதல் முயற்சியிலேயே தெரிந்துவைத்திருந்த குழுவின் ஆல்பம் இது. பத்துக்கு ஏழரை கொடுக்கலாம். மெட்டல்கோர் பழக்கமில்லாதவர்கள் 'ரொமான்ஸ் இஸ் டெட்', 'ஸ்மோக் எம் இஃப் யா காட் எம்' இரண்டிலிருந்து தொடங்குங்கள். முதல் தடவை கேட்கும்போது குரலை விட்டுவிட்டுக் கிட்டாரை மட்டும் பின்தொடருங்கள். பாட்டு பிடிபட்டுவிடும்.