சிறுதிரையும் துணைப்பாத்திர நடிகனும்: ஜக் கிளக்மன் பற்றிய ஒரு நோக்கு

தலைமைப் பாத்திரத்தை ஏற்பவனையே கலைஞனெனக் கொண்டு, ஏனையோரை வெறும் துணைகளாக மதிப்பிடுவது விமர்சனத்தில் வேரூன்றிவிட்ட வழக்கமாகும். அமெரிக்கத் தொலைக்காட்சியின் தொடக்ககால வரலாறு இவ்வழக்கை மீள்பரிசீலனை செய்யத் தூண்டுகின்றது. அதற்குத் தக்க சான்றாக ஜக் கிளக்மனை (1922–2012) கொள்ளலாம்.

1950களின் முற்பகுதியில் தொலைக்காட்சி நாடகங்கள் பல நியூயோர்க்கிலிருந்து நேரடியாக ஒளிபரப்பாயின. மேடையிற் போலவே பிழையைத் திருத்த மறுவாய்ப்பில்லை. ஆனால் மேடையிற் போலன்றிக் கமெரா முகத்துக்கு மிக அண்மையில் நின்றது. திரையோ சிறியது. ஆகவே படைக்களங்களிலும் பார்க்கச் சிற்றறைகளும், அவற்றினுள் வாழும் சாதாரண மனிதரின் உளப்போராட்டங்களுமே அதற்கேற்ற பொருளாயின. எழில்மிகு முகத்திலும் வாழ்ந்து களைத்த முகமே வேண்டப்பட்டது. பிலடெல்பியாவில், வறிய யூதக் குடியேற்றக் குடும்பத்திற் பிறந்த கிளக்மனுக்கு அத்தகைய முகமும் கரகரத்த குரலும் வாய்த்திருந்தன.

றெஜினல்ட் ரோஸ் 1954இல் தொலைக்காட்சிக்கென எழுதிய ‘பன்னிரண்டு கோபக்காரர்கள்’ 1957இல் திரைப்படமாயிற்று. அதில் ஐந்தாவது யூரராகக் கிளக்மன் நடித்தார். சேரிமக்களை ஏனையோர் இழித்துரைக்கையில், தாமும் சேரியில் வாழ்ந்தவரென்பதை வெளியிட நேரும் அம்மனிதரின் கூச்சமும் சினமும் சொல்லிலன்றிப் பார்வையிலேயே புலனாகின்றன. பின்னர், மடக்குக் கத்தியை எவ்வாறு பிடிப்பரென அவர் காட்டும் சில கணங்களில் வழக்கின் போக்கே மாறுகின்றது. சிறு பாத்திரம் நாடகத்தின் அச்சாணியாகக்கூடும் என்பதற்கு வேறு சான்று வேண்டுவதில்லை.

றொட் சேர்லிங்கின் ‘ருவைலைற் சோன்’ (1959–1964) தொடரில் நான்கு நாடகங்களில் அவர் தோன்றினார். 1963இல் ஒளிபரப்பான ஒன்றில், வியட்நாமிற் காயமுற்ற மகனுக்காகத் தன் உயிரையே ஈடாக வைக்கும் சூதாட்டத் தரகனாக வருகிறார். இழிந்த தொழிலினனிடத்தும் உறையும் தந்தைமையை மிகையுணர்ச்சியின்றி வெளிப்படுத்தியமையே அவரது சிறப்பு. 1964இல் ‘த டிபென்டர்ஸ்’ தொடரின் ஒரு நாடகத்தில், அரசியற் காரணங்களாற் கரும்பட்டியலில் சேர்க்கப்பட்டுத் தொழிலிழந்த நடிகனாகத் தோன்றி எமி விருது பெற்றார். அத்தொடரின் நிரந்தர நடிகரல்லாத ஒருவருக்கு அப்பெருமை கிட்டியமை கவனிக்கற்பாலது. கரும்பட்டியலுக்குத் தானே பணிந்திருந்த ஒரு துறை, தன் குற்றத்தை அந்நடிகரின் முகத்தினூடே காண நேர்ந்தது.

‘குவின்சி’ (1976–1983) தொடரில் தலைமைப் பாத்திரம் கிட்டியபின் அவரது நடிப்பிற் பிரசாரத் தொனி மிகுந்ததென்பதை மறுத்தல் இயலாது. முன்னைய மௌனங்களின் இடத்தை நீண்ட உரைகள் பிடித்தன. எனினும், இலாபம் தராதெனக் கம்பனிகள் கைவிட்ட அரிய நோய்களுக்கான மருந்துகள் பற்றி அத்தொடர் பேசியது; 1981இல் காங்கிரஸ் குழுவொன்றின் முன் கிளக்மன் தாமே சாட்சியமளித்தார். 1983இல் அதற்கான சட்டம் நடைமுறைக்கு வந்ததில் இம்முயற்சிகளுக்கும் பங்குண்டு.

கலை குன்றியவிடத்துப் பயன் ஓங்கியதெனக் கூறி இதனை முடித்துவிடலாகாது. அவரது உரைகளுக்கு மக்கள் செவிமடுத்தமைக்குக் காரணம், சிறிய பாத்திரங்களில் அவர் ஈட்டிய நம்பகத்தன்மையே. அந்த நம்பகத்தன்மை துணைப்பாத்திர நடிகனின் உழைப்பால் விளைந்தது. அதனை அளவிடத் தெரியாத விமர்சனம் நாடகத்தின் பாதியையே கண்டதாகும்.