எத்தனை முடிவுகள் என்று எண்ணாமல்: நீண்ட கதை விளையாட்டுகளை எப்படி ரசிப்பது

வீடியோ விளையாட்டு என்றால் கொழும்பில் பலருக்கும் போட்டிதான் ஞாபகத்துக்கு வரும். ஸ்ரீலங்கா சைபர் கேம்ஸ் போன்ற போட்டிகள், நுகேகொடையிலும் வெள்ளவத்தையிலும் பிள்ளைகள் இரவிரவாக ஆடும் துப்பாக்கி ஆட்டங்கள், யார் வென்றது யார் தோற்றது என்ற கணக்கு. இந்தக் கணக்குக்குள் அடங்காத இன்னொரு வகை இருக்கிறது. ஐம்பது மணி நேரம், சிலவேளை நூறு மணி நேரம் ஓடும் கதையில் நாம் ஒரு பாத்திரமாக நடமாடுகிறோம். நாம் பேசியதையும் செய்ததையும் செய்யாமல் விட்டதையும் பொறுத்து அந்தக் கதை வெவ்வேறு இடங்களில் போய் முடிகிறது. இந்த வகைக்குப் புதிதாக வருகிறவர்கள் முதலில் கேட்பது, இதற்கு எத்தனை முடிவுகள் என்றுதான். விளம்பரமும் அந்த ஆர்வத்துக்கே தீனி போடுகிறது. 'தி விட்சர் 3' 2015 மே மாதம் வெளியாகுமுன்பே அதற்கு 36 முடிவு நிலைகள் என்று பேச்சு அடிபட்டது. 2023இல் வந்த 'பால்டர்ஸ் கேட் 3'க்கு 17,000 வேறுபாடுகள் என்றார்கள். 2017இல் வந்த 'நியர்: ஆட்டோமாட்டா'வில் ஆங்கில எழுத்துக்கு ஒன்றாக 26 முடிவுகள் உண்டு. அவற்றில் ஒன்று, சாப்பிடக் கூடாத ஒரு மீனைச் சாப்பிட்டுச் செத்துப்போவது. எண்ணிக்கை எதையும் அளக்காது என்பதற்கு அந்த மீனே போதும். நல்ல கதை விளையாட்டின் முடிவு, நாம் நடந்துகொண்ட விதத்தின்மேல் சொல்லப்படும் தீர்ப்பு. அதை ரசிக்க வேண்டுமானால், எவற்றைச் சாட்சியமாக எடுத்துக்கொண்டு அந்தத் தீர்ப்புச் சொல்லப்பட்டது என்று பார்க்கப் பழக வேண்டும்.

இந்தப் பழக்கம் நம்மிடம் ஏற்கெனவே இருக்கிறது. வெள்ளவத்தை இராமகிருஷ்ண மிஷன் மண்டபத்தில் கம்பன் விழா வழக்காடு மன்றம் கேட்கப் போகிறவர்களுக்குக் கதையின் முடிவு தெரியாததல்ல. வாலி விழுவான், கைகேயி வரம் கேட்பாள், இராமன் காடு போவான். இருந்தும் சனம் கூடுவது, எந்தச் செயல் எந்த விளைவுக்குப் பொறுப்பு என்று எடைபோடுவதைக் கேட்கத்தான். வாலியின் சாவுக்கு மறைந்து நின்று விட்ட அம்பு காரணமா, தம்பி மனைவியைக் கவர்ந்த பிழை காரணமா, தாரை தடுத்தும் கேளாத செருக்கு காரணமா? இந்த வாதங்களில் ஒரு சிறு சொல்லும் தப்பாது. எப்போதோ சொன்னது கடைசியில் சாட்சியாக வந்து நிற்கும். கதை விளையாட்டு இதே வழக்கைத் தொடுக்கிறது. குற்றவாளிக் கூண்டில் நிற்கிறவர் மட்டும் நாமாகிவிடுகிறோம்.

இதற்கு மிகச் சிறந்த உதாரணமாக நான் வைப்பது 'தி விட்சர் 3'ஐத்தான். (இன்னும் விளையாடாதவர்கள் இந்தப் பந்தியையும் அடுத்ததையும் தாண்டிச் செல்லலாம், முடிவுகளைச் சொல்லாமல் இந்த வாதத்தை வைக்க முடியாது.) போலந்து எழுத்தாளர் அன்ட்ஜெய் சப்கோவ்ஸ்கியின் கதைகளை அடியொற்றி சிடி புரொஜெக்ட் நிறுவனம் செய்த விளையாட்டு இது. கூலிக்குப் பேய் விலங்குகளை வேட்டையாடும் கெரால்ட் என்பவனாக நாம் ஆடுகிறோம். அவனுடைய வளர்ப்பு மகள் ஸிரி. கதையின் கடைசியில் உலகையே உறைய வைக்க வரும் குளிரை எதிர்க்க அவள் தனியே போகிறாள். அவள் திரும்பி வருவாளா, வந்தால் தந்தையைப் போல வேட்டைக்காரியாவாளா, பேரரசியாவாளா என்பவைதான் பெரிய முடிவுகள். இவற்றைத் தீர்மானிப்பது போரோ வாளோ அல்ல, இடையில் வந்து போகும் ஐந்து சின்னத் தருணங்கள். மூத்தவர் வெசமிர் இறந்த துயரத்தில் அவள் சோர்ந்திருக்கும்போது, எல்லாவற்றிலும் கெட்டிக்காரியாக இருக்க வேண்டியதில்லை என்று தேற்றிக் குடிக்க உட்காரலாம். அல்லது வெளியே இழுத்துப்போய்ப் பனியுருண்டை எறிந்து விளையாடலாம். அவளைப் பெற்ற தந்தையான பேரரசனிடம் அழைத்துப் போனால், அவன் நீட்டும் காசை வாங்கலாம், மறுக்கலாம். சூனியக்காரிகளின் சபை அவளைப் பேச அழைக்கும்போது கூடவே போகலாம், தனியே அனுப்பலாம். தன் ஆசான் தன்னிடம் மறைத்தவற்றை அறிந்து அவள் கொதிக்கும்போது அடக்கலாம், அந்த ஆய்வுகூடத்தை உடைக்க விடலாம். தன்னைக் காக்க முயன்று, ஊராரால் கோழை என்று தூற்றப்பட்டு இறந்த ஓர் இளைஞனின் புதைகுழிக்குப் போக வேண்டும் என்று அவள் கேட்கும்போது நேரமில்லை எனலாம், சேர்ந்து போகலாம். இவற்றில் எந்தப் பக்கம் கூடுதலாகச் சாய்ந்தோமோ அதன்படி அவள் திரும்புவாள், அல்லது திரும்பமாட்டாள். குளிரை நோக்கி அவள் நடக்கும் அந்தக் கணத்தில், நாம் செய்தவையே அவளுடைய நினைவுகளாகத் திரையில் ஒவ்வொன்றாக வந்து போகும். வழக்கின் சாட்சியங்கள் அங்கேயே வாசிக்கப்படுகின்றன.

இந்த ஐந்தையும் சேர்த்து வைத்துப் பார்த்தால் விளையாட்டின் கருத்துத் துலங்கும். தவறென்று எண்ணப்படும் பதில்களில் கொடுமை எதுவும் கிடையாது. பேரரசனின் காசைத் தவிர மற்றெல்லாம் அக்கறையிலிருந்து வருபவை. கூடப் போவது, அமைதிப்படுத்துவது, நேரத்தைச் சுட்டிக்காட்டுவது எல்லாம் நல்ல தகப்பன் செய்யக்கூடியவையே. ஆனால் ஒவ்வொன்றும் அவளைக் கொஞ்சம் சிறுபிள்ளையாக்குகிறது. நம்பி விடப்படாத பிள்ளைக்குக் கடைசிக் கட்டத்தில் தன்மேலேயே நம்பிக்கை இராது என்பது இந்தக் கதையின் நிலைப்பாடு. பிள்ளையை வழிநடத்துவதே பெற்றோரின் கடமை என்று உறுதியாக நம்புகிற நமது வீடுகளில் இது விவாதிக்க வேண்டிய தீர்ப்பு. ரொறன்ரோவின் விசை கேம்ஸ் 2023இல் வெளியிட்ட 'வெண்பா'வை இதன் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். கனடாவுக்குக் குடிபெயர்ந்த ஒரு தமிழ்த் தாய், அங்கே வளர்ந்து மெல்ல விலகிப்போகும் மகன், இட்டலியும் புட்டும் சமைக்கும் காட்சிகள் வழியாக அந்த விலகல். அதிலும் பேசும் சொல்லை நாம் தெரிவு செய்யலாம்; ஆனால் கதை போகும் பாதை மாறாது. பிள்ளையை விட்டுக்கொடுக்கும் வலி இரண்டுக்கும் பொது. 'வெண்பா'வில் அந்த வலிக்கு நாம் சாட்சி, 'விட்சர் 3'இல் நாம் பொறுப்பு. இதில் எது உயர்ந்தது என்று கேட்க வேண்டியதில்லை. பல முடிவுகள் எதற்காக வைக்கப்படுகின்றன என்பது இந்த ஒப்பீட்டில் தெரிந்துவிடும்.

இது நியாயமா என்ற ஆட்சேபம் இங்கே எழும். பனியுருண்டை எறியாததற்காக ஒரு மகளை இழக்க வேண்டுமா? எது எண்ணப்படுகிறது என்றே சொல்லாமல் எண்ணலாமா? ஆட்சேபத்தில் வலு இருக்கிறது. ஆனால் எந்த ஒரு தருணமும் தனியே அவளைக் கொல்வதில்லை, மொத்தச் சாய்வுதான் கணக்கு. மறைத்து வைப்பதற்கும் காரணம் உண்டு. 'மாஸ் எஃபெக்ட்' தொடரில் நல்லவருக்கு நீலம், கடுமையானவருக்குச் சிவப்பு என்று புள்ளிகள் திரையிலேயே தெரியும். அங்கே ஆடுகிறவர் எதிரில் நிற்கும் மனிதரை விட்டுவிட்டு நிறத்தைப் பார்த்துப் பதில் சொல்லப் பழகிவிடுகிறார். அந்தத் தொடர் 2007இல் தொடங்கி, மூன்றாம் பாகத்தோடு 2012இல் முடிந்தபோது எழுந்த எதிர்ப்பு என் வாதத்துக்கு மறுபக்கத்திலிருந்து வலுச்சேர்க்கிறது. மூன்று விளையாட்டுகளில் எடுத்த முடிவுகள் போர்ப்பலம் என்ற ஒரே எண்ணாகச் சுருங்கின. கடைசியில் ஏறக்குறைய ஒரே மாதிரித் தெரியும் மூன்று வழிகள் திறந்தன. பல முடிவுகள் அங்கேயும் இருந்தன, ஆனால் சாட்சியங்களைப் புரட்டிப் பார்க்காமலே தீர்ப்பு வாசிக்கப்பட்டது. சில மாதங்களில் நிறுவனம் விளக்கக் காட்சிகள் சேர்த்த நீட்டிய முடிவை இலவசமாகக் கொடுக்க வேண்டியதாயிற்று.

நல்ல கதைக்கு ஒரு முடிவுதான் இருக்க முடியும், பல முடிவு வைப்பவர் தன் பொறுப்பைத் தட்டிக் கழிக்கிறார் என்று இலக்கிய வாசகர்கள் சொல்லக்கூடும். நமது மரபு அவ்வளவு கறாராக இருந்ததில்லை. கம்பன் முடிசூட்டலோடு நிறுத்தினான்; சீதை மறுபடி காட்டுக்குப் போகும் உத்தரகாண்டத்தைத் தமிழில் ஒட்டக்கூத்தர் பாடியதாக மரபு சொல்கிறது. எங்கே நிறுத்துகிறோம் என்பதைப் பொறுத்து இராமன் வேறொருவன் ஆகிவிடுகிறான். புதுமைப்பித்தன் அகலிகையை இரண்டு தடவை எழுதினார். 'அகல்யை'யில் கோதமன் சபிக்காமல் புரிந்துகொள்கிறான். 1943இல் வந்த 'சாப விமோசன'த்தில், இராமன் சீதையைத் தீக்குளிக்க வைத்ததை அறிந்து அவள் மீண்டும் கல்லாகிறாள். ஒரே பெண், ஒரே எழுத்தாளர், இரு தீர்ப்புகள். இரண்டையும் படித்தவருக்கு ஒன்றின் அழுத்தம் மற்றதில் தெரியும். விளையாட்டின் முடிவுகளையும் இப்படி ஒன்றுக்கு மற்றொன்று உரையாக வைத்துத்தான் வாசிக்க வேண்டும்.

முடிவுகள் முன்பே எழுதப்பட்டவை, தெரிவு வெறும் மாயை என்ற ஆட்சேபத்துக்கு அதிக நேரம் செலவிட வேண்டியதில்லை. நீதிமன்றச் சட்டமும் முன்பே எழுதப்பட்டதுதான், வழக்கு நம்முடையது. இதை நன்றாக உணர்த்தும் ஒரு சிறு இந்திய முயற்சி இருக்கிறது. போபாலைச் சேர்ந்த பைரோடாக்டில் 2014இல் வெளியிட்ட 'அன்ரெஸ்ட்'. பண்டைய இந்தியாவைப் போன்ற கற்பனை நாட்டில், வறட்சியில் வாடும் பீம்ரா என்ற நகரம். விருப்பமில்லாத கலியாணம் பேசப்பட்ட ஏழைப் பெண், இளவரசி, பூசகர், நாகர்களின் தூதுவர் என்று பலராக மாறி மாறி ஆடுகிறோம். ஒருவர் இறந்தால் ஆட்டம் நின்று, பழைய இடத்துக்குத் திரும்பச் சொல்லாது; அந்தச் சாவோடு கதை முன்னே போகும். தோல்வி என்று ஒன்று இல்லாமல் விளைவு என்று மட்டும் இருக்கும்போது, எழுதி வைத்த பாதை என்ற நினைப்பே எழாது. சித்திரம் எளிமையானது, நீளமும் குறைவு. பயிற்சிக்கு நல்ல தொடக்கம்.

இனி நடைமுறைக்கு வருவோம். முதல் ஆட்டத்தை வழிகாட்டி நூலோ யூடியூப்போ இல்லாமல் ஆடுங்கள். ஒரு பதிலைச் சொல்லிவிட்டு வருந்தினாலும் பழைய சேவுக்கு (முன்பு சேமித்து வைத்த இடத்துக்கு) திரும்பாதீர்கள். கிடைக்கும் முடிவு எதுவோ அதுவே உங்கள் முடிவு. அது முடிந்ததும் உடனே அடுத்ததைத் தொடங்க வேண்டாம். இந்த விளையாட்டு என்னிடம் எதைக் கவனித்தது, எதைக் கவனிக்கவில்லை என்று யோசியுங்கள். இரண்டாம் தடவை பொத்தானை மாற்றாமல் ஆளை மாற்றுங்கள். முதலில் விட்டுக்கொடுக்கும் கெரால்டாக இருந்தால், இப்போது பயத்தினால் மகளை இறுகப் பிடித்துக்கொள்ளும் கெரால்டாகத் தொடக்கத்திலிருந்தே பேசுங்கள். அப்போது கிடைக்கும் துயர முடிவு, பட்டியலைப் பார்த்துப் பிழையான பதில்களை அழுத்திப் பெற்ற முடிவைவிடப் பல மடங்கு கனக்கும். வேலைக்குப் போய் வருகிறவருக்கு நூறு மணி நேரத்தை இரண்டு தடவை செலவிட முடியாதென்றால், 'விட்சர் 3'இல் காயெர் மோரென் கோட்டைப் போர் முடிந்ததும் தனியாக ஒரு சேவ் வைத்துக்கொள்ளுங்கள். நான் சொன்ன ஐந்து தருணங்களும் அதற்குப் பின்னால்தான். பேரரசி முடிவுக்கு மட்டும் இது போதாது. போரின் அரசியல் வேலைகளையும் முடிக்க வேண்டும், அவற்றில் சில மூடுபனித் தீவுக்குப் போகுமுன்பே கிடைத்தாக வேண்டும். அந்த இடத்தில் விளையாட்டே எச்சரிக்கும். அங்கேயும் ஒரு சேவ் வையுங்கள். 2022இன் பதின்மூன்று மணி நேர மின்வெட்டைக் கண்ட ஊரில், தானியங்கிச் சேமிப்பை மட்டும் நம்பாதீர்கள் என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. யூடியூப்பில் முடிவுகளைப் பார்ப்பது, நீங்கள் நடக்காமல் விட்ட பாதைகளை அறியப் பிற்பாடு பயன்படும். விசாரணை நடக்குமுன் தீர்ப்பைப் படித்தால் அதில் உங்கள் பெயர் இராது.

எல்லா முடிவையும் எட்டித்தான் ஆக வேண்டுமா என்பதற்கு 2015இன் 'அண்டர்டேல்' ஒரு தெளிவான பதில் வைத்திருக்கிறது. டோபி ஃபாக்ஸ் உருவாக்கிய இதை ஆறேழு மணி நேரத்தில் ஒரு தடவை முடிக்கலாம். யாரையும் கொல்லாமல் போகும் பாதை, இடைப்பட்ட பாதைகள், எதிர்ப்படும் ஒவ்வோர் உயிரையும் தேடிப் பிடித்துக் கொல்லும் பாதை என்று மூன்று வகை. கடைசிப் பாதையை முடித்தவர், உலகத்தைத் திரும்பப் பெறத் தன் ஆன்மாவைக் கொடுக்க வேண்டும். அதற்குப் பிறகு எத்தனை தடவை அமைதிப் பாதையில் போனாலும், அந்த இனிய முடிவின் கடைசியில் ஒரு கறை வந்து விழும். புதிதாகத் தொடங்கினேன் என்று நாம் சொன்னாலும் விளையாட்டு நாம் செய்ததை மறப்பதில்லை. பட்டியலை நிரப்பும் ஆசையையே இது கூண்டில் ஏற்றி விசாரிக்கிறது. ஆகையால் 'அண்டர்டேலை' இந்த ஒழுங்கில் ஆடச் சொல்வேன்: முதலில் மனம் போனபடி ஒரு தடவை, பிறகு ஒருவரையும் கொல்லாமல் ஒரு தடவை, அதோடு நிறுத்திவிடுங்கள். மூன்றாவதை அறிய விரும்பினால் வேறொருவர் ஆடிய பதிவைப் பாருங்கள். யூடியூப்புக்கு முழு மனதோடு ஆளனுப்பக்கூடிய ஒரே சந்தர்ப்பம் அதுதான்.